ஏற்காட்டு மலையைக் கணினியில் விரித்தல்: கியூஜிஐஎஸ் நிறுவலும் முதல் அமைப்பும்

நாகலூர்ப் பக்கம் 5 ஏக்கர் காப்பித் தோட்டம் வைத்திருக்கும் நண்பர் ஒருவர், தோட்டத்தின் எல்லையைக் கைப்பேசி ஜிபிஎஸ்ஸைப் பிடித்துக்கொண்டு நடந்தே பதிவு செய்தார். அந்தக் கோப்பைத் தம் மேசைக்கணினியில் புதிதாக நிறுவியிருந்த கியூஜிஐஎஸ் என்னும் நிலப்பட மென்பொருளில் ஏற்றி, பரப்பைக் கணக்கிடச் சொன்னார். திரையில் வந்த விடை 0.0000017. “நிலத்தையே காணோமுங்க, சாப்ட்வேர் சரியா ஏறலை போல” என்று தொலைபேசியில் சொன்னவர், அதற்குள் மென்பொருளை இரண்டு முறை நீக்கி இரண்டு முறை மறுபடியும் நிறுவியிருந்தார், விடை மாறவில்லை. மாறியிருக்கவும் முடியாது. மென்பொருள் ஒழுங்காகவே ஏறியிருந்தது, அது சொன்ன விடையும் சரியானதே. ஏக்கரிலோ சதுர மீட்டரிலோ சொல்லாமல், சதுர டிகிரியில் சொல்லியிருந்தது, அவ்வளவுதான்.

கடிதம் தட்டச்சிடும் மென்பொருளையோ பாட்டுக் கேட்கும் மென்பொருளையோ நிறுவியவுடன் பயன்படுத்தத் தொடங்கிவிடலாம். நிலப்படம், கட்டட வரைவு, கணக்குப் பதிவு போன்ற தொழில்சார் மென்பொருள்கள் அப்படியல்ல. நாம் எந்த அளவையில், எந்த இடத்தை, எந்த முறையில் கையாளப்போகிறோம் என்பதை முதலில் அவற்றுக்குச் சொல்லியாக வேண்டும். நிறுவுதல் அரைமணி நேர வேலை; அமைத்தல் என்பது அதற்குப் பிறகு வருவது. பெரும்பாலோர் முன்னதை நினைத்துப் பயந்து, பின்னதைக் கவனிக்காமல் விட்டுவிடுகிறார்கள் என்பது என் அனுபவம். ஆகவே இந்தக் கட்டுரையில் நிறுவும் வேலையைச் சற்று விரைவாகக் கடந்து, அமைக்கும் வேலையில், குறிப்பாக சேலம் மாவட்டத்தாருக்கென்றே அமைந்துவிட்ட ஒரு சிக்கலில், அதிக நேரம் நிற்க விரும்புகிறேன்.

கியூஜிஐஎஸ் என்பது புவியியல் தகவல் முறைமை வகையைச் சேர்ந்த மென்பொருள். கேரி ஷெர்மன் என்பவர் 2002-இல் இதை எழுதத் தொடங்கினார், 1.0 பதிப்பு 2009-இல் வந்தது. தொடக்கத்தில் இதன் பெயர் குவாண்டம் ஜிஐஎஸ். ஜிஎன்யு பொது உரிமத்தின்கீழ் வெளிவருவதால், இதை இறக்கிக்கொள்ளவோ பயன்படுத்தவோ பிறருக்குப் படியெடுத்துக் கொடுக்கவோ காசு தர வேண்டியதில்லை. பதிவிறக்கும்போது நன்கொடை கேட்டு ஒரு பக்கம் வரலாம். விரும்பினால் கொடுக்கலாம், இல்லையென்றால் அப்படியே கடந்து போகலாம். இந்த மென்பொருளை விலைக்கு விற்பதாகவோ, திறக்கச் சாவி எண் தருவதாகவோ ஏதேனும் தளம் சொன்னால் அங்கிருந்து வெளியேறிவிடுவதே நல்லது. சாவி தேவைப்படாத வீட்டுக்குச் சாவி விற்பவரிடம் வேறு என்ன எதிர்பார்க்க முடியும்?

முதலில் கணினியைப் பார்த்துக்கொள்ளுங்கள். இப்போதைய பதிப்புகள் 64 பிட் விண்டோஸில்தான் ஓடும்; செட்டிங்ஸில் சிஸ்டம், அதற்குள் அபவுட் என்ற பக்கத்தில் உங்கள் கணினி எந்த வகை என்பதும், ராம் எவ்வளவு என்பதும் எழுதியிருக்கும். ராம் 8 ஜிபி இருந்தால் தாராளம். 4 ஜிபியிலும் வேலை நடக்கும், ஆனால் மலை முழுவதையும் ஒரே நேரத்தில் திரையில் விரித்தால் கணினி மூச்சு வாங்கும். நிறுவும் கோப்பே ஒரு ஜிபிக்கு மேல் இருக்கும்; நிறுவிய பிறகு அது பல ஜிபியாக விரியும்; தரவுகளுக்கும் இடம் வேண்டும் என்பதால் சி டிரைவில் 10 ஜிபியாவது காலியாக வைத்துக்கொள்வது நலம்.

பதிவிறக்கப் பக்கத்தில் இரண்டு பதிப்புகள் நிற்கும். ஒன்று புத்தம்புதியது, மற்றது நீண்டகால ஆதரவுப் பதிப்பு. புதிய பதிப்பு ஏறத்தாழ நான்கு மாதத்துக்கு ஒருமுறை வரும். நீண்டகால ஆதரவுப் பதிப்போ ஆண்டுக்கு ஒருமுறைதான் தேர்ந்தெடுக்கப்பட்டு, அந்த ஓராண்டுக் காலமும் பிழை திருத்தங்களை மட்டும் பெற்றுக்கொண்டிருக்கும். புதிதாகக் கற்பவர் இரண்டாவதையே எடுக்க வேண்டும் என்பதில் எனக்குத் தயக்கமே இல்லை, ஏனென்றால் பாடக் காணொலியில் ஒரு பொத்தான் ஓரிடத்திலும் உங்கள் திரையில் வேறோரிடத்திலும் இருந்தால் முதல் நாளிலேயே சலிப்பு வந்துவிடும். அதேபோல் நிறுவும் கோப்பிலும் இரண்டு வகை உண்டு: எல்லாவற்றையும் ஒரே பொதியாகத் தரும் தனித்த எம்எஸ்ஐ கோப்பு ஒன்று, தேவையானதை இணையத்திலிருந்து அவ்வப்போது இழுத்துக்கொள்ளும் ஓஎஸ்ஜியோ4டபிள்யூ என்னும் நிறுவி மற்றொன்று. மழைக்காலத்தில் மலைமேல் மின்சாரமும் இணையமும் எப்போது போகும் என்று சொல்ல முடியாதவர்கள் எம்எஸ்ஐ கோப்பைச் சேலத்திலேயே இறக்கி, பென்டிரைவில் போட்டுக்கொண்டு மலையேறுவது நல்லது. பாதியில் அறுந்த கோப்பு நிறுவும்போது புரியாத பிழைச்செய்தியாக வெடிக்கும் என்பதால், இறங்கிய கோப்பின் அளவும் தளத்தில் இருக்கும் கோப்பின் அளவும் ஒன்றுதானா என்று ஒருமுறை ஒப்பிட்டுக்கொள்ளுங்கள்.

கோப்பை இருமுறை சொடுக்கி, உரிமத்துக்கு ஒப்புதல் தந்து, நெக்ஸ்ட், இன்ஸ்டால் என்று போனால் போதும். நடுவில் விண்டோஸ் உங்கள் அனுமதி கேட்கும்போது சரி என்று சொல்ல வேண்டும். நிறுவும் இடத்தை மாற்ற வேண்டாம். வேலை முடிந்ததும் திரையில் ஒரே ஒரு சின்னத்தை எதிர்பார்த்தவர்களுக்கு ஒரு கோப்புறை நிறையச் சின்னங்கள் காத்திருக்கும். கியூஜிஐஎஸ் டெஸ்க்டாப், கிராஸ் என்னும் இன்னொரு நிலப்பட மென்பொருள் சேர்ந்த கியூஜிஐஎஸ் டெஸ்க்டாப், கறுப்புத் திரையாகத் திறக்கும் ஓஎஸ்ஜியோ4டபிள்யூ ஷெல் என்று பல இருக்கும். நீங்கள் தினமும் திறக்க வேண்டியது முதலாவது மட்டுமே. முதல் முறை திறக்க அது நேரம் எடுத்துக்கொள்ளும். பொறுமையிழந்து மறுபடி மறுபடி சொடுக்கினால் நாலைந்து சாளரங்கள் அடுத்தடுத்துத் திறந்து கணினியை முடக்கிவிடும்.

நண்பர் இரண்டு முறை நீக்கி நிறுவியும் ஒன்றும் மாறாததற்கு வருகிறேன். நிரல் கோப்புகள் ஓரிடத்திலும், நீங்கள் செய்த அமைப்புகள் வேறோரிடத்திலும் இருக்கின்றன என்பதைத் தொடக்கத்திலேயே தெரிந்துகொண்டால் எவ்வளவோ நேரம் மிச்சமாகும். மென்பொருள் போய் உட்காரும் இடம் புரோகிராம் ஃபைல்ஸ். உங்கள் விருப்பத் தேர்வுகள், சேர்த்த செருகுநிரல்கள், கருவிப்பட்டைகளின் இருப்பு எல்லாம் பயனர் சுயவிவரம் என்ற பெயரில், உங்கள் விண்டோஸ் கணக்கின் கீழ் மறைவாக இருக்கும் ஆப்டேட்டா கோப்புறையில் சேர்கின்றன. மென்பொருளை நீக்கும்போது சுயவிவரம் நீங்குவதில்லை. மறுபடி நிறுவியதும் அதே பழைய அமைப்பைத்தான் அது எடுத்துக்கொள்ளும். வாடகைக்கு வந்தவர் வீட்டுக்கு வெள்ளையடித்துவிட்டு அதே பழைய சாமான்களை அதே இடத்தில் வைப்பதைப் போல. அமைப்பில் ஏதோ குழம்பிவிட்டது என்று தோன்றினால் நீக்கி நிறுவாதீர்கள். செட்டிங்ஸ் பட்டியலில் யூசர் ப்ரொஃபைல்ஸ் என்பதற்குள் புதிய சுயவிவரம் ஒன்றைத் தொடங்கிப் பாருங்கள். அதில் சிக்கல் இல்லையென்றால் கோளாறு பழைய அமைப்பில் இருக்கிறது என்று பொருள். புதியதிலும் அதே சிக்கல் இருந்தால் கோளாறு உங்கள் தரவிலோ, நீங்கள் கேட்கும் விதத்திலோ இருக்கிறது. நண்பருக்கு நேர்ந்தது இந்த இரண்டாவது வகை.

இனி மையமான செய்திக்கு வரலாம். பூமி உருண்டை, திரை தட்டை. உருண்டையின் மேல் உள்ள ஓர் இடத்தை எண்களால் குறிப்பதற்கு ஒரு முறை வேண்டும். அதற்கு ஆயத்தொலை முறை என்று பெயர். கியூஜிஐஎஸ் பயன்படுத்துவோர் இதைச் சுருக்கமாக சிஆர்எஸ் என்கிறார்கள். உலகில் இத்தகைய முறைகள் ஆயிரக்கணக்கில் உள்ளன. ஒவ்வொன்றுக்கும் இபிஎஸ்ஜி எண் என்று ஓர் எண் வழங்கப்பட்டிருக்கிறது. நமக்குத் தேவை நான்கைந்துதான். முதலாவது இபிஎஸ்ஜி 4326. கைப்பேசி ஜிபிஎஸ் தருவது இது. இடத்தை அட்சக்கோடு, தீர்க்கக்கோடு என்ற இரண்டு கோணங்களால், அதாவது டிகிரியில் சொல்லும். ஏற்காடு இந்த முறையில் வடக்கே ஏறத்தாழ 11.775, கிழக்கே ஏறத்தாழ 78.209.

டிகிரி என்பது கோணம், நீளம் அன்று. நம் பக்கத்தில் ஒரு டிகிரி கிழக்கு மேற்காக ஏறத்தாழ 109 கிலோமீட்டர், தெற்கு வடக்காக ஏறத்தாழ 110.6 கிலோமீட்டர். ஒரு சதுர டிகிரிக்குள் 12,000 சதுர கிலோமீட்டருக்கு மேல் அடங்கும். அந்தப் பெரும் பரப்பில் 5 ஏக்கரின் பங்கு எவ்வளவு என்று பார்த்தால் 0.0000017 வரும். கியூஜிஐஎஸ்ஸில் பரப்பைக் கேட்க இரண்டு வழிகள் உண்டு: டாலர் குறியுடன் தொடங்கும் ஏரியா என்பது பூமியின் வளைவையும் நீங்கள் தேர்ந்த அலகையும் கணக்கில் கொள்ளும், அடைப்புக்குறிக்குள் வடிவத்தைக் கொடுத்துக் கேட்கும் ஏரியா, கோப்பில் இருக்கும் எண்களை அப்படியே தட்டைத் தாளில் பெருக்கிச் சொல்லும். நண்பர் கேட்டது இரண்டாவது வகை. டிகிரியில் இருந்த எண்களைப் பெருக்கினால் சதுர டிகிரியைத் தவிர வேறென்ன கிடைக்கும்?

இதற்குத் தீர்வு, மீட்டரில் பேசும் முறை ஒன்றுக்குத் தரவை மாற்றிக்கொள்வது. யூடிஎம் என்பது அத்தகைய முறை. அது பூமியை 6 டிகிரி அகலமுள்ள 60 பட்டைகளாகக் கீறி, ஒவ்வொரு பட்டையையும் தனித்தனித் தட்டைத் தாளாக விரிக்கிறது. கிழக்கே 72 முதல் 78 டிகிரி வரை 43-ஆம் பட்டை, 78 முதல் 84 வரை 44-ஆம் பட்டை. சேலத்துக்காரருக்கு வேடிக்கையும் தலைவலியும் தொடங்குவது இங்கேதான், ஏனென்றால் 78-ஆம் தீர்க்கக்கோடு நம் மாவட்டத்தை அறுத்துக்கொண்டு போகிறது. சேலம் நகருக்கு மேற்கே ஏறத்தாழ 16 கிலோமீட்டரில், ஓமலூருக்கும் தாரமங்கலத்துக்கும் நடுவே, அந்தக் கோடு செல்கிறது. கைலாசநாதர் கோயிலின் சிற்பங்களைப் பார்க்கத் தாரமங்கலம் போகிறவர் தம்மை அறியாமலே 44-ஆம் பட்டையிலிருந்து 43-ஆம் பட்டைக்குள் நுழைகிறார். மேட்டூர், எடப்பாடி, சங்ககிரி எல்லாம் 43. ஓமலூர், சேலம், ஏற்காடு, வாழப்பாடி, ஆத்தூர் எல்லாம் 44. அளவையின் வரலாற்றிலும் இது சாதாரணக் கோடன்று. பரங்கிமலையை ஒட்டி 1802-இல் வில்லியம் லாம்டன் அடிக்கோடு (பேஸ்லைன்) அளந்து தொடங்கிய, இந்தியாவை அளந்த பெரும் முக்கோண அளவைப் பணியின் முதுகெலும்பான பெருவில் (கிரேட் ஆர்க்) என்னும் அளவைக் கோடு, குமரிமுனைப் பக்கத்திலிருந்து முசோரி வரை ஏறத்தாழ இதே 78-ஆம் கோட்டைப் பற்றிக்கொண்டுதான் சென்றது.

ஆகவே ஏற்காட்டு வேலைக்கு நமக்குரிய எண் இபிஎஸ்ஜி 32644. மேட்டூர் வேலைக்கு இபிஎஸ்ஜி 32643. கடைசி இலக்கம் ஒன்றுதான் வேறுபாடு, ஆனால் விளைவு சிறியதன்று. ஏற்காட்டுத் தோட்டத்தின் 44-ஆம் பட்டை எண்களை 43 என்று தவறாகச் சொல்லிவிட்டால், தோட்டம் 6 டிகிரி மேற்கே நகர்ந்து, ஏறத்தாழ 650 கிலோமீட்டர் தள்ளி, இலட்சத்தீவின் பித்ரா தீவுக்கு வடக்கே அரபிக்கடலில் மிதக்கும். மேட்டூர்க் கோப்பை 44 என்று சொன்னால் அணை வங்காள விரிகுடாவுக்குள் போய்விடும். கடலில் விழுந்தால் உடனே கண்டுபிடித்துவிடலாம் என்பதே இந்தப் பிழையில் இருக்கும் ஒரே ஆறுதல்.

மாவட்டம் முழுவதையும் ஒரே படத்தில் காட்ட வேண்டுமானால் என்ன செய்வது என்ற கேள்வி எழும். ஏதாவது ஒரு பட்டையைத் தேர்ந்து முழு மாவட்டத்தையும் அதிலேயே வைத்துக்கொள்ளலாம். கோட்டைத் தாண்டியவுடன் கணக்கு உடைந்துவிடுவதில்லை, பட்டையின் நடுவிலிருந்து விலக விலக நீளம் சற்றே நீட்டிக் காட்டப்படும், அவ்வளவுதான். ஏற்காடு 44-ஆம் பட்டையின் நடுக்கோடான 81 டிகிரியிலிருந்து வெகுவாக விலகி ஓரத்தில் இருக்கிறது. அங்கே ஒரு கிலோமீட்டருக்கு ஏறத்தாழ முக்கால் மீட்டர் கூடுதலாகத் தெரியும். ஓர் ஏக்கருக்கு அது சென்ட்டில் ஆறில் ஒரு பங்கைக்கூட எட்டாது. கைப்பேசி ஜிபிஎஸ் செய்யும் சில மீட்டர் தடுமாற்றத்தின் முன் இது ஒன்றுமேயில்லை.

இதைவிட ஆபத்தானது, கண்ணுக்குத் தெரியாமல் நடக்கும் வேறொரு பிழை. கியூஜிஐஎஸ்ஸைத் திறந்ததும் பலரும் செய்யும் முதல் வேலை, இடப்பக்கப் பலகத்தில் எக்ஸ்ஒய்இசட் டைல்ஸ் என்பதன் கீழ் இருக்கும் ஓப்பன்ஸ்ட்ரீட்மேப்பைச் சொடுக்கி உலகப் படத்தை வரவழைப்பது. அழகாகத்தான் இருக்கும். ஆனால் அந்தப் படம் இபிஎஸ்ஜி 3857 என்ற முறையில் வருகிறது. திரையில் ஒன்றன்மேல் ஒன்றாக நாம் ஏற்றும் படமோ தரவோ ஒவ்வொன்றும் ஓர் அடுக்கு; முதலில் ஏறும் அடுக்கின் முறையையே முழுத் திட்டத்துக்கும் (ப்ராஜெக்ட்) வைத்துக்கொள்வது கியூஜிஐஎஸ்ஸின் இயல்பு. அதன்மேல் ஒருவர் தோட்ட எல்லையை வரைந்து அந்த முறையிலேயே சேமித்து, தட்டைக் கணக்கில் பரப்பைக் கேட்டால், நம் அட்சக்கோட்டில் ஏறத்தாழ 5 விழுக்காடு கூடுதலாக வரும். 100 சென்ட் நிலம் 105 சென்ட்டாகிவிடும். நிலம் கடலில் விழவில்லை, எண் அபத்தமாகவும் இல்லை, மீட்டரில்தான் இருக்கிறது. ஆகவே யாருக்கும் சந்தேகம் வராது. நண்பரின் 0.0000017 ஒருவகையில் நல்ல பிழை, பார்த்தவுடன் பிழையென்று தெரிந்துவிட்டது.

இதைத் தவிர்க்க, செட்டிங்ஸ், ஆப்ஷன்ஸ் என்று சென்று சிஆர்எஸ் பற்றிய பக்கத்தைத் திறந்து, புதிய திட்டங்களுக்கு முதல் அடுக்கைப் பின்பற்றாமல் இபிஎஸ்ஜி 32644-ஐயே வைத்துக்கொள்ளும்படி சொல்லிவிடுங்கள். அதே பக்கத்தில், முறை குறிப்பிடப்படாத கோப்பு வந்தால் தானே எதையும் செய்யாமல் உங்களைக் கேட்கும்படியும் அமைத்துக்கொள்ளலாம். பிறகு ப்ராஜெக்ட் பட்டியலில் ப்ராப்பர்ட்டீஸ், ஜெனரல் என்ற இடத்தில் பரப்பின் அலகை ஏக்கர் என்றோ ஹெக்டேர் என்றோ தேர்ந்துகொள்ளுங்கள். அந்தப் பட்டியலில் சென்ட் இராது. ஏக்கரை 100-ஆல் பெருக்கிக்கொள்ள வேண்டியதுதான். பட்டாவில் பரப்பு ஹெக்டேர், ஏர் என்ற கணக்கில் இருக்கும் என்பதால், ஒப்பிட்டுப் பார்க்க விரும்புவோருக்கு ஹெக்டேர் வசதி; ஓர் ஏர் 100 சதுர மீட்டர், அதாவது ஏறத்தாழ இரண்டரை சென்ட். இப்படி வரைந்த படம் உங்கள் திட்டமிடலுக்கு உதவுமே தவிர, எல்லைத் தகராற்றில் நில அளவையரின் புலப்படத்துக்கு மாற்றாகாது என்பதையும் சொல்லி வைக்கிறேன்.

அமைப்பு சரிதானா என்று பார்க்க எளிய சோதனை ஒன்று உண்டு. சாளரத்தின் வலக் கீழ் மூலையில் இபிஎஸ்ஜி 32644 என்று இருக்கிறதா என்று பாருங்கள். பிறகு சுட்டியை ஏற்காட்டு ஏரியின் மேல் கொண்டுபோய், கீழே ஓடும் எண்களைக் கவனியுங்கள். முதல் எண் 2 இலட்சத்துக்குச் சற்றுக் குறைவாகவும், இரண்டாவது எண் 13 இலட்சத்தை ஒட்டியும் இருந்தால் நீங்கள் மீட்டரில், சரியான பட்டையில் இருக்கிறீர்கள். 78, 11 என்ற சின்ன எண்கள் தெரிந்தால் இன்னும் டிகிரியிலேயே நிற்கிறீர்கள்.

கோப்பை மாற்றும்போது ஏற்படும் ஒரு குழப்பத்தையும் தீர்த்துவிடுவோம். அடுக்கின் மேல் வலச்சொடுக்கு செய்தால் அதன் சிஆர்எஸ்ஸை அமைக்க ஒரு வழியும், வேறு சிஆர்எஸ்ஸில் ஏற்றுமதி செய்ய இன்னொரு வழியும் தெரியும். முன்னது பெயர்ச்சீட்டை மாற்றுவது, பின்னது உள்ளே இருப்பதை அளந்து மாற்றுவது. நெல் மூட்டையில் 60 கிலோ என்று எழுதிய சீட்டில் கிலோவை அடித்துவிட்டுப் படி என்று எழுதினால் நெல் கூடிவிடாது, சீட்டுதான் பொய்யாகும். ஜிபிஎஸ் கோப்பின் மேல் 32644 என்ற சீட்டை ஒட்டுவதும் அத்தகையதே, 78.2 டிகிரி என்ற எண் 78.2 மீட்டர் என்று படிக்கப்பட்டு, தோட்டம் நிலநடுக்கோட்டை ஒட்டி இந்தியப் பெருங்கடலில் போய் விழும். சீட்டு ஏற்கெனவே தவறாக இருந்தால் மட்டுமே சீட்டை மாற்றுங்கள். மற்ற நேரங்களில் எக்ஸ்போர்ட் செய்து புதிய கோப்பாகச் சேமியுங்கள். நண்பரின் எல்லைக் கோப்பை அப்படி 32644-க்கு ஏற்றுமதி செய்தபோது, அதே கேள்விக்கு 20,000 சதுர மீட்டரை ஒட்டிய எண் வந்தது. 5 ஏக்கர் என்பது 20,234 சதுர மீட்டர்.

எண்களைக் கையால் தட்டச்சிடுபவர்கள் இன்னும் இரண்டு இடங்களில் சறுக்குவதைப் பார்த்திருக்கிறேன். கியூஜிஐஎஸ்ஸில் எக்ஸ் என்பது தீர்க்கக்கோடு, ஒய் என்பது அட்சக்கோடு. நாம் பேச்சில் அட்சத்தை முதலில் சொல்லிப் பழகியிருப்பதால் கை அதையே எக்ஸ் கட்டத்தில் போடும். அப்படிப் போட்டால் ஏற்காடு வடக்கே 78 டிகிரிக்குச் சென்று, ஆர்க்டிக்கில் ஸ்வால்பார்டு தீவுகளுக்கு அருகே பனிக்கடலில் நிற்கும். மற்றொன்று நிமிடக் கணக்கு. 11 டிகிரி 46 நிமிடம் என்பதை 11.46 என்று எழுதக்கூடாது. 46-ஐ 60-ஆல் வகுத்து 11.767 என்று எழுத வேண்டும். ஏற்காட்டின் 11 டிகிரி 46 நிமிடம், 78 டிகிரி 12 நிமிடத்தை அப்படியே 11.46, 78.12 என்று எழுதினால் மலைமேல் இருக்க வேண்டிய புள்ளி சமவெளியில் ராசிபுரத்தை ஒட்டி இறங்கியிருக்கும். ஊர் நமக்குத் தெரிந்த ஊராகவே இருப்பதால் இந்தப் பிழையும் எளிதில் தப்பிவிடும்.

பழைய நிலப்படங்களை ஒளிவருடி ஏற்றுபவர்களுக்கு ஒரு சொல். சர்வே ஆஃப் இந்தியாவின் பழைய தாள்கள் எவரெஸ்ட் 1830 என்ற பூமி வடிவத்தைக் கொண்டு வரையப்பட்டவை. அவற்றின் ஓரத்தில் இருக்கும் டிகிரி எண்களை இபிஎஸ்ஜி 4326 என்று எடுத்துக்கொண்டால் சாலைகள் சில நூறு மீட்டர் நகர்ந்து தெரியும்.

மலையைப் பற்றிய வேலையில் உயரத் தரவு இல்லாமல் முடியாது. 2000-ஆம் ஆண்டு பிப்ரவரியில் எண்டெவர் விண்கலம் 11 நாள் சுற்றிவந்து ரேடாரால் அளந்த எஸ்ஆர்டிஎம் தரவு இலவசமாகக் கிடைக்கிறது. ஏறத்தாழ 30 மீட்டருக்கு ஒரு புள்ளி என்ற செறிவில், ஒரு டிகிரிக்கு ஒரு டிகிரி கொண்ட சதுரங்களாக அது பிரிக்கப்பட்டுள்ளது. தென்மேற்கு மூலையின் எண்ணே சதுரத்தின் பெயர். ஏற்காடு அமைந்திருக்கும் சேர்வராயன் மலை வடக்கு 11, கிழக்கு 78 என்ற சதுரத்தில் இருக்கிறது. மேட்டூருக்கு வடக்கு 11, கிழக்கு 77. மறுபடியும் அதே 78-ஆம் கோடு! ரேடார் அலை இலைத்தழையிலேயே பெரும்பாலும் திரும்பிவிடுவதால், உயரமான சில்வர் ஓக் நிழலில் வளரும் காப்பித் தோட்டங்களில் அது சொல்வது தரையின் உயரமன்று, தரைக்கும் மர உச்சிக்கும் இடைப்பட்ட ஏதோ ஓர் உயரம் என்பதை நினைவில் வையுங்கள்.

இந்தத் தரவும் டிகிரியில்தான் வரும். இறக்கியவுடன் ப்ராசஸிங் கருவிப்பெட்டியின் சரிவுக் கருவியை ஓடவிட்டால், சேலம் ஜங்ஷன் முதல் சேர்வராயன் கோயில் வரை எல்லாமே 90 டிகிரிச் செங்குத்துப் பாறை என்று படம் சொல்லும். காரணத்தைக் கிட்டே போய்ப் பார்ப்போம். அடுத்தடுத்த இரண்டு புள்ளிகளின் இடைவெளி நிலத்தில் 30 மீட்டர், கோப்பிலோ 0.000278 டிகிரி. உயரம் மட்டும் மீட்டரில் இருக்கிறது. இரண்டு புள்ளிகளுக்கிடையே வெறும் ஒரு மீட்டர் ஏற்றம் இருந்தாலும், 0.000278 தூரம் போவதற்குள் 1 அளவு ஏறிவிட்டதாகக் கணக்கு போடும் கருவி, அதைச் சுவர் என்று சொல்வதில் தவறேயில்லை. வார்ப் என்ற கருவியால் தரவை 32644-க்கு மாற்றி, புள்ளி இடைவெளியை 30 மீட்டர் என்று வைத்து, இடைப்பட்ட மதிப்புகளைக் கணக்கிடப் பைலீனியர் என்பதைத் தேர்ந்து, அதன் பிறகு சரிவைக் கேளுங்கள். இப்போது சமவெளி தட்டையாகத் தெரியும். அடிவாரத்திலிருந்து 20 கொண்டைஊசி வளைவுகளுடன் ஏறும் சாலை செல்லும் முகம் நிறம் மாறும். மேலே போனதும் மேட்டுநிலம் மறுபடி தணிந்து தெரியும். ஏற்காட்டுக்குப் போய்வந்த எவரும் பார்த்தவுடன் ஒப்புக்கொள்ளக்கூடிய படம் அது.

தமிழில் பெயர்களை எழுத விரும்புவோர் எந்த வடிவில் சேமிக்கிறோம் என்பதையும் பார்க்க வேண்டும். ஷேப்ஃபைல் என்ற பழைய வடிவம் இன்னும் எங்கும் புழங்குகிறது. ஆனால் அதில் தரவு அட்டவணையின் பத்திக்கு (காலம்) வைக்கும் பெயருக்கு 10 பைட்டுகளே இடம். தமிழ் எழுத்துக் குறி ஒவ்வொன்றும் யூடிஎஃப்-8 என்னும் எழுத்துக் குறியாக்க முறையில் 3 பைட் பிடிக்கும். ‘சேலம்’ என்ற சொல்லை ச, ஏகாரக் குறி, ல, ம, புள்ளி என ஐந்தாக எண்ணினால் 15 பைட். நம் ஊர்ப் பெயருக்கே அதில் இடமில்லை. குறியாக்கம் சரியாக அமையாவிட்டால் உள்ளே எழுதியதும் கேள்விக்குறிகளாக மாறிவிடும். ஜியோபேக்கேஜ் வடிவத்தில் இந்தத் தொல்லைகள் இல்லை, எல்லா அடுக்குகளும் ஒரே கோப்புக்குள் அடங்கும். பத்தியின் பெயரும் உள்ளடக்கமும் தமிழில் இருக்கலாம். ஆனால் கோப்புறையின் பெயரை மட்டும் இடைவெளியில்லாத ஆங்கில எழுத்தில் வைத்துவிடுங்கள், ஏனென்றால் கியூஜிஐஎஸ்ஸோடு சேர்ந்து ஓடும் பழைய கருவிகள் சில தமிழ்ப் பாதையைப் படிக்கத் தடுமாறும்.

கடைசியாக, சேமித்தல். ப்ராஜெக்ட் கோப்பைச் சேமித்தால் படம் முழுவதும் அதற்குள் போய்விட்டது என்று நினைக்கத் தோன்றும். அந்தக் கோப்பில் நிறங்களும் அமைப்புகளும் எந்தத் தரவு எங்கே இருக்கிறது என்ற முகவரிகளும்தான் இருக்கின்றன. தரவு அதில் இல்லை. அதை மட்டும் பென்டிரைவில் எடுத்துச் சென்று வேறு கணினியில் திறந்தால், அடுக்குகளைக் காணவில்லை என்று ஒரு பட்டியல் வந்து நிற்கும். டி டிரைவில் ஒரே கோப்புறை, அதற்குள் திட்டக் கோப்பு, ஜியோபேக்கேஜ், உயரத் தரவு என்று எல்லாவற்றையும் முதலிலேயே சேர்த்து வைத்தால், முகவரிகள் அந்தக் கோப்புறையைச் சார்ந்தே எழுதப்படுவதால், கோப்புறையை முழுதாகப் படியெடுத்தால் எந்தக் கணினியிலும் திறந்துகொள்ளும். நண்பர் முதல் முறை சேலத்திலிருந்து மலைக்கு எடுத்துப்போனது திட்டக் கோப்பை மட்டும்தான். மறுவாரம் கோப்புறையோடு எடுத்துப்போனார்.